கம்ப்யூட்டர் திறக்காத சனிக்கிழமை

சென்ற ஐப்பசியில் நடந்தது. திருவனந்தபுரத்தில் கரமனையில் எங்கள் வீடு. பாடப் புத்தகங்களுக்கு வீட்டில் இருந்தபடியே பக்கம் வடிவமைத்துக் கொடுப்பது என் வேலை. ஒரு சனிக்கிழமை காலை கம்ப்யூட்டரைப் போட்டேன். கறுப்புத் திரையில் நாலு வரி ஆங்கிலம் வந்து அப்படியே நின்றுவிட்டது. முந்தின நாள் சாயங்காலம் ஏதோ அப்டேட் ஓடிக்கொண்டிருந்தபோது கரண்ட் போயிருந்தது. உள்ளே நானூறு பக்கப் புத்தகம், நாலு மாச உழைப்பு. திங்கட்கிழமை அச்சகத்துக்குப் போகவேண்டும். வேறெங்கும் ஒரு நகல்கூட நான் எடுத்து வைக்கவில்லை.

கம்ப்யூட்டர் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு மழையோடு ஆட்டோவில் ஜங்ஷன் கடைக்குப் போனேன். "ஃபார்மேட் செய்யணும் சேச்சி, வேறே வழியில்லா. ஃபைல் எல்லாம் போகும்" என்றார் கடைக்காரர். பெட்டியைத் திரும்பத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

அந்தக் கம்ப்யூட்டரை எனக்கு அமைத்துக் கொடுத்தவள் என் தங்கை. அயர்லாந்துக்குப் போவதற்கு முன்னால் இரண்டு நாள் உட்கார்ந்து ஓ.எஸ். போட்டு, தமிழுக்கும் மலையாளத்துக்கும் ஒரே விசையில் மாறும்படி செய்து, எனக்குத் தட்டத் தெரியும்வரை பக்கத்திலேயே இருந்தாள். ஆனால் அவளோடு பேசி இரண்டரை வருஷம் ஆகியிருந்தது. அம்மா தவறியபோது அவள் வரவில்லை. பதிமூணாம் நாள் போனில் ஏதோ சொல்ல ஆரம்பித்தவளை, "நீ ஒண்ணும் சொல்லவேண்டாம். இனிமே இங்கே கூப்பிடவும் வேண்டாம்" என்று வெட்டிவிட்டேன். அவளும் கூப்பிடவே இல்லை. மெசேஜ் ஆப்பில் அவள் கடைசியாக எப்போது வந்தாள் என்பதை மட்டும் தினமும் எடுத்துப் பார்ப்பேன். ஏழு நிமிடத்துக்கு முன் என்று இருந்தால் இன்னும் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருப்பேன். நான் ஒரு எழுத்துகூட அனுப்பியதில்லை.

அன்று மத்தியானம் அனுப்பினேன். சௌக்கியமா என்றுகூடக் கேட்கவில்லை. "கம்ப்யூட்டர் ஓப்பன் ஆகமாட்டேங்கறது." அவ்வளவுதான்.

ஒரு நிமிடம் ஆகியிருக்காது. வீடியோ காலில் வந்தாள். "ஸ்கிரீனைக் காட்டு."

போனின் பின்பக்கக் கேமராவை மானிட்டருக்கு நேராகப் பிடித்தேன். அவளுக்கு என் முகம் தெரியாது. எனக்கு அவள் முகம் தெரிந்தது. கண்ணாடி போட்டிருந்தாள், அது எனக்குப் புதுசு. காதோரம் நரைத்திருந்தது. அவள் கண்ணைச் சுருக்கி எழுத்துகளைப் படித்துக்கொண்டிருக்க, நான் அவளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"டிஸ்க் நன்னாத்தான் இருக்கும் போல. ஓ.எஸ்.தான் பாதியில நின்னுடுத்து. ஒரு பென்டிரைவ் எடு."

என் கணவரின் லேப்டாப்பில் அவள் சொன்னதை இறக்கி, பென்டிரைவில் ஏற்றி, அதிலிருந்தே கம்ப்யூட்டரைக் கிளப்பினோம். எந்த விசை, எப்போது அழுத்தணும், எதைத் தொடக்கூடாது என்று ஒவ்வொன்றாகச் சொன்னாள். வேறு ஒரு வார்த்தை இல்லை. கடைசியில் என் ஃபோல்டர்கள் வரிசையாகத் தெரிந்தபோது என் கையில் போன் ஆடியது.

"ஆட்டாதே. எல்லாம் இருக்கு பாரு. முதல்ல வெளி ஹார்ட் டிஸ்குக்குக் காப்பி பண்ணிடு. அப்புறம் புதுசா போடலாம்."

காப்பி ஆக ஒரு மணி நாற்பது நிமிடம் என்று காட்டியது. இனி போனை வைத்துவிட்டு அப்புறம் கூப்பிடலாம். அவள் வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை. பச்சைப் பட்டை மெதுவாக நகர்ந்துகொண்டிருந்தது.

"அது மழையா?" என்றாள்.

"ம்."

கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு, "கேமராவைத் திருப்பு அக்கா" என்றாள்.

"நான் தலையே வாரலைடி."

"கொழப்பமில்லை. பரவாயில்லை, திருப்பு."

திருப்பினேன். அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டாள்.

"அம்மா போன அன்னிக்கு ஏர்போர்ட் வரைக்கும் வந்துட்டேன் அக்கா. செக்-இன் கூட ஆயிடுத்து. குழந்தைக்கு ஃபிட்ஸ் வந்து, அங்கேருந்தே ஆம்புலன்ஸ்ல ஆஸ்பத்திரிக்குப் போனோம். பத்து நாள் அங்கேதான். அதைத்தான் சொல்ல வந்தேன்."

"ஏண்டி அப்புறமாவது சொல்லலை?"

"கூப்பிடாதேன்னியே."

அந்த ஒற்றைச் சொல் பதிலில் கோபமே இல்லை. இருந்திருந்தால் எனக்குத் தாங்க எளிதாக இருந்திருக்கும். "குழந்தை இப்போ?" என்று கேட்டேன். நன்றாக இருக்கிறான், பள்ளிக்கூடம் போகிறான் என்றாள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். அவளே, "மூக்கைச் சிந்திட்டு வா, இன்ஸ்டால் பண்ணணும்" என்றாள்.

சாயங்காலம் வரை அந்த வேலை போயிற்று. எந்த ஊர் நேரம் என்று கம்ப்யூட்டர் கேட்டபோது பட்டியலில் நம் ஊர் இல்லையே என்று நான் தேட, "கொல்கத்தாவைப் போடு, இந்தியா முழுக்க அதுதான்" என்று சிரித்தாள். ஓ.எஸ்ஸுக்கு ஒரு பகுதி, என் ஃபைல்களுக்குத் தனியாக ஒரு பகுதி என்று டிஸ்கைப் பிரிக்க வைத்தாள். இனி ஓ.எஸ். போனாலும் வேலை போகாது. வாரம் ஒருமுறை தானாக நகல் எடுக்கவும் ஏற்பாடு செய்தாள். எல்லாம் முடிந்தது என்று நான் நினைத்தபோது, "உனக்கு ஐகான் பட்டை கீழே இருந்தா பிடிக்காதே, இடது பக்கம் வை. எழுத்தைக் கொஞ்சம் பெருசாக்கு" என்றாள். அத்தனை நாளும் அதெல்லாம் அவளுக்கு ஞாபகம் இருந்திருக்கிறது.

புத்தகம் திங்கட்கிழமை போய்ச் சேர்ந்தது. இப்போது ஞாயிறுதோறும் பேசுகிறோம். அவள் இன்னும் வரவில்லை. லீவு கிடைத்தால் பையனுக்குப் பரீட்சை, பரீட்சை முடிந்தால் லீவு இல்லை. நானும் எனக்கு விடை நன்றாகத் தெரிந்த சந்தேகங்களையே நடுவாரத்தில் அவளிடம் கேட்கிறேன். அவளும் தெரிந்தேதான் பொறுமையாகச் சொல்கிறாள். யார் மேல் எவ்வளவு கோபம் வந்தாலும் அவர்கள் சொல்ல வந்ததை இப்போது கடைசிவரை கேட்டுவிடுகிறேன். ஆனாலும், பத்து நாள் ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டு வந்து அதைச் சொல்ல வந்த என் தங்கைக்கு, அன்று அதைக் கேட்க ஒரு அக்கா இல்லாமல் போனதை மட்டும் என்னால் இன்றும் மறக்க முடியவில்லை.