காப்புக் கட்டுவதற்குள்

மாலத்தீவுக்கு நர்ஸ் வேலைக்குப் போவது ஒன்றும் கம்பசூத்திரம் இல்லை என்று முதலில் சொன்னவர் எங்கள் ஆஸ்பத்திரி லேப் டெக்னீஷியன். அவருடைய கொழுந்தியாள் அங்கே ஏதோ ஒரு தீவில் இருக்கிறாளாம். "பாஸ்போர்ட் இருக்கா, கவுன்சில் பதிவு இருக்கா, அனுபவம் இருக்கா, அம்புட்டுத்தான்க்கா" என்றார். அம்புட்டுத்தானாம்! அந்த அம்புட்டு என்னுடைய ஒரு மழைக்காலத்தையும் அதற்குப் பின் வந்த பனிக்காலத்தையும் முழுசாகத் தின்றது.

படித்த காலேஜில் மார்க் விவரம் வாங்க வேண்டும். நான் ஒழுங்கான நர்ஸ்தான் என்று சென்னையில் உள்ள நர்ஸிங் கவுன்சில் சொல்ல வேண்டும். அதை அந்த நாட்டுக் கவுன்சில் நம்பி ஒரு தற்காலிகப் பதிவு தர வேண்டும். அதைக் காட்டினால்தான் அந்த நாட்டு அரசாங்கம் வேலை அனுமதி தரும். அனுமதியோ ஒரே ஒரு வருடத்துக்கு. ஒரு வருட அனுமதிக்கு ஏழு ஜென்மத்துக் காகிதத்தைக் கேட்டார்கள். டூட்டி முடிந்து ஹாஸ்டலுக்கு வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் மெயிலைத்தான் திறப்பேன். ஒன்றும் வந்திருக்காது. மறுபடி திறப்பேன்.

ஏன் போகிறாய் என்று கேட்காத ஆள் கிடையாது. புதுக்கோட்டையில் தனியார் ஆஸ்பத்திரியில் வருடக்கணக்காக ஊசி குத்தியவளுக்கு அந்தக் கேள்வியே எரிச்சலாக இருந்தது. சம்பளம் வெளியில் சொல்கிற மாதிரி இல்லை. அதைவிட, ஊருக்குப் போனால் ஒவ்வொரு வாசலிலும் "எப்ப ஆத்தா சாப்பாடு போடப்போற?" என்று என் கல்யாணத்தை விசாரித்தார்கள். எனக்கு மூச்சு முட்டியது. இன்னார் மகளா, எந்தக் கரை, எந்த வகையறா என்று கேட்காமல், ஊசி வலிக்காமல் போடுவாயா என்று மட்டும் கேட்கிற ஓர் இடத்தில் கொஞ்ச காலமாவது இருந்துவிட வேண்டும் என்று வெறியே பிடித்திருந்தது.

கடைசியில் இரண்டே இரண்டு வேலைகள் மிஞ்சின. செவ்வாய்க்கிழமை காலை சென்னையில் அசல் சான்றிதழ்களோடு நேரில் நிற்க வேண்டும். போலீஸ் சான்றிதழும் அந்த வாரத்துக்குள் கிளம்பியாக வேண்டும். "இந்த வாட்டி விட்டீங்கன்னா எடம் அடுத்த ஆளுக்குப் போயிரும் சிஸ்டர், அப்பறம் என்னையக் கேக்கக் கூடாது" என்று ஏஜென்ட் நாளுக்கு நாலு தடவை மிரட்டினார். ஆஸ்பத்திரியில் நான் ராஜினாமா கொடுத்தாயிற்று, என் இடத்துக்கு வேறு பெண்ணும் வந்துவிட்டாள். போனால் மாலத்தீவு, இல்லாவிட்டால் நடுத்தெரு.

போலீஸ் சான்றிதழுக்கு, ஸ்டேஷனிலிருந்து ஒருவர் பாஸ்போர்ட்டில் உள்ள விலாசத்துக்கு வந்து என்னைப் பார்க்க வேண்டும். என் விலாசம், வல்லத்திராக்கோட்டையிலிருந்து உள்ளே தள்ளிய எங்கள் ஊர். சனிக்கிழமை ஏட்டையா போன் செய்தார். "நாளைக்கு மதியத்துக்கு மேல வாரேன்மா. ஆள் வீட்ல இருக்கணும். இல்லைன்னா ஆள் இல்லைன்னு எழுதி அனுப்பிருவேன். திங்கக்கெழமைலேர்ந்து எனக்கு ஜல்லிக்கட்டு பந்தோபஸ்து, ஒரு வாரத்துக்கு இங்கிட்டு வர முடியாது" என்றார். சந்தோஷமாகச் சரி என்றேன். போனை வைத்த பிறகுதான் காலண்டரைப் பார்த்தேன்.

மறுநாள் சாயங்காலம் எங்கள் ஊர் மாரியம்மனுக்குக் காப்புக் கட்டு.

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். காப்புக் கட்டும் நேரத்தில் ஊருக்குள் இருக்கிறவர்கள், திருவிழா முடிந்து காப்பு அவிழ்க்கிறவரை வெளியூரில் ராத்தங்கக் கூடாது. காலையில் புதுக்கோட்டைக்குப் போகலாம், திருச்சிக்கே போகலாம். இருட்டுவதற்குள் வந்து ஊர் எல்லைக்குள் படுத்துவிட வேண்டும். சென்னைக்கு எங்கே போவது? ஏட்டையா வருகிறவரை நான் ஊரில் இருந்தாக வேண்டும். காப்புக் கட்டுவதற்குள் ஊரை விட்டு வெளியேறியும் ஆக வேண்டும். இரண்டுக்கும் நடுவே உள்ள அந்த இடுக்கில்தான் என் மாலத்தீவு மாட்டிக்கொண்டிருந்தது.

மீறிவிட்டுப் போனால் என்ன என்று கேட்கலாம். அதில் ஒரு சிக்கல் இருந்தது. எங்கள் ஊருக்கு அம்பலம், அதாவது ஊர்த் தலைவர், என் அப்பா. அவர் வாயால் "கட்டுங்கப்பா" என்று சொன்னால்தான் பூசாரி காப்புக் கயிற்றையே கையில் எடுப்பார். போன வருடம் பெங்களூரில் கம்ப்யூட்டர் வேலை பார்க்கிற பையன் ஒருவன் லீவுக்கு வந்து காப்பில் சிக்கிக்கொண்டான். அவன் அம்மா வந்து அழுதும் அப்பா அசையவில்லை. திருவிழா முடிகிறவரை அவன் தண்ணீர்த்தொட்டிக்குப் பக்கத்தில் சிக்னல் கிடைக்கிற இடத்தில் உட்கார்ந்து லேப்டாப்பைத் தட்டிக்கொண்டிருந்தான். அப்படிப்பட்டவருடைய மகள் மட்டும் போய்விட்டால் அப்புறம் அவர் பேச்சை எந்த நாய் மதிக்கும்? இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். நான் படித்த நர்ஸ்தான். அம்மை எதனால் வருகிறது என்று மற்றவர்களுக்குப் பாடம் எடுக்கிறவள்தான். இருந்தாலும் மாரியாத்தாளிடம் விளையாட எனக்கும் பயம்.

அப்பா நான் போவதைப் பற்றி ஆரம்பத்திலிருந்தே நல்லதாகவோ கெட்டதாகவோ ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஒரே ஒரு நாள், சாப்பிட்டுக் கை கழுவும்போது, "அங்க தண்ணி நல்லாயிருக்குமா?" என்று கேட்டார். மழைத் தண்ணீரைப் பிடித்து வைத்துக் குடிப்பார்களாம் என்றேன். துண்டில் கையைத் துடைத்துக்கொண்டு போய்விட்டார். பிடிக்கவில்லை என்றால் வாயைத் திறந்து சொல்லித் தொலைக்கலாமே என்று அம்மாவிடம் கத்தியிருக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே ஊருக்கு வந்துவிட்டேன். துணிமணி எல்லாம் ஹாஸ்டலில். கையில் பைலும் பாஸ்போர்ட்டும் மட்டும்தான். மதியம் ஆனது. ஏட்டையா வரவில்லை. போன் போட்டால் எடுக்கவில்லை. எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. வாசலுக்கும் அடுப்படிக்குமாக நடந்தேன். "ஒக்காருடி, எனக்குத் தலை சுத்துது" என்று அம்மா திட்டினாள். உட்கார்ந்தேன், எழுந்தேன். வெயில் தாழ்ந்தபோது ஏட்டையாவே கூப்பிட்டார். மாடு ஒன்று அவிழ்த்துக்கொண்டு ஓடி யாரையோ முட்டிவிட்டதாம், அந்த விசாரணையில் இருக்கிறாராம். "வந்துர்றேன்மா, வந்துர்றேன்" என்றார். எந்த மாடோ, அதற்கு அன்றைக்குத்தான் அவிழ்த்துக்கொண்டு ஓட நேரம் கிடைத்ததா?

தெருவில் ஒவ்வொரு வீடாகக் கோவிலுக்குக் கிளம்பியது. அம்மாவும் போய்விட்டாள். கொஞ்ச நேரத்தில் மைக் செட் போட்டார்கள். யாரோ மைக்கை அணைக்காமலே வைத்திருந்ததால் கோவிலில் நடப்பதெல்லாம் வீட்டில் கேட்டது. பூசாரி, "அம்பலம், உத்தரவு குடுங்க, கட்டிறலாம்" என்றார். அப்பாவின் குரல் கேட்டது.

"மேலக்கரைப் பெரியவர் எங்கப்பா? அவரு இல்லாம எப்புடிக் கட்டுறது?"

மேலக்கரைப் பெரியவர் என்பவர் ரிட்டயரான வாத்தியார். எனக்கு முறைக்குத் தாத்தா. அவரைத் தேட ஆள் போனது. பிறகு வேப்பிலை சரியில்லை என்றார் அப்பா. குளத்தங்கரை மரத்தில்தான் ஒடிக்க வேண்டும், இது எந்த மரத்து இலை என்று கேட்டார். அது முடிந்ததும் மைக் குழாய் எதற்குப் பக்கத்து ஊரைப் பார்த்திருக்கிறது, நம் ஊரைப் பார்த்துத் திருப்பு என்று ஒரு சண்டை. சித்தப்பா ஒருவர், "அண்ணே, பொழுது போகுதுண்ணே" என்றார். "போனா போகட்டும், பொழுது என்ன ஓடியா போயிரும்?" என்று அப்பா சீறினார்.

எனக்கு மானம் போயிற்று. சபையில் குரலை உயர்த்தாத மனுஷன் அவர். வயசாகிவிட்டது, அதான் எரிந்து விழுகிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனால் அவர் கத்துகிற ஒவ்வொரு நிமிஷமும் எனக்கு லாபம் என்பதால், இன்னும் கொஞ்சம் கத்துங்கள் அப்பா என்று வேண்டிக்கொண்டும் இருந்தேன். என்ன பிழைப்பு இது!

பைக் சத்தம் கேட்டது. ஏட்டையா! இறங்கியவர் வேர்த்து விறுவிறுத்து, பாஸ்போர்ட்டைப் பார்த்தார், ஆதாரைப் பார்த்தார், கேஸ் எதுவும் உண்டா என்று கேட்டு அவரே இல்லை என்று எழுதிக்கொண்டார். பிறகு தெருவை இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் பார்த்தார்.

"அக்கம்பக்கத்துல ரெண்டு பேரு கையெழுத்துப் போடணுமேம்மா. ஒரு ஈ காக்காயக் காணோம்?"

"எல்லாரும் கோயில்ல இருக்காங்க சார்."

"அப்ப கோயிலுக்கு நட."

நான் நடக்கவில்லை, பைலை மார்போடு அணைத்துக்கொண்டு ஓடினேன். அவர் பைக்கில் பின்னாலேயே வந்தார். போலீசைக் கண்டதும் கூட்டம் விலகியது. அப்பா மைக்கைப் பிடித்தபடி நின்றிருந்தார். எங்களைப் பார்த்ததும் பேச்சை நிறுத்தினார். ஏட்டையா விஷயத்தைச் சொன்னார். இரண்டு பேர் கேட்டால் இருபது கை நீண்டது. பக்கத்து வீட்டு அத்தை பேனாவை வாங்கிக்கொண்டு, "புள்ளை தங்கமான புள்ளைதாங்க. வாய்தான் கொஞ்சம் நீளம்" என்றாள்.

"வாய்க்கெல்லாம் கேஸ் கெடையாது, போடுங்க" என்றார் ஏட்டையா.

இரண்டாவது கையெழுத்துக்குக் கொட்டுக்காரர்களுக்குப் பின்னாலிருந்து ஒருவர் வந்தார். பார்த்தால், மேலக்கரைப் பெரியவர். ஊரே தேடிக்கொண்டிருந்த ஆள்!

"நீங்க எப்ப தாத்தா வந்தீங்க?"

"நான் எப்பவோ வந்துட்டேன். ஒங்கப்பன் கண்ணுக்கு நேராத்தான் நின்னேன். என்னையப் பாத்துக்கிட்டே என்னையத் தேடச் சொல்றான். சரி, என்னமோ காரியமாத்தான் சொல்றான்னு நானும் செத்த அங்கிட்டு மறைஞ்சு நின்னுக்கிட்டேன்."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அப்பாவைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. ஏட்டையாவைத்தான் கேட்டார்.

"முடிஞ்சுதுங்களா சார்?"

"முடிஞ்சுதுங்க. ராத்திரியே ரிப்போர்ட்டக் கம்ப்யூட்டர்ல ஏத்தி விட்டுர்றேன்."

"அப்ப இந்தப் புள்ளைய டவுன் பஸ் நிக்கிற எடத்துல எறக்கி விட்டுருங்க, புண்ணியமாப் போவும்" என்றார். பிறகுதான் என் பக்கம் திரும்பினார். "இன்னும் என்ன நின்னுக்கிட்டு? கெளம்பு."

காலில் விழக்கூட நேரம் இல்லை. அம்மா கூட்டத்துக்கு நடுவில் மாட்டிக்கொண்டு கையை மட்டும் ஆட்டினாள். பைக்கில் ஏறினேன். ஊர்ப் பாதை குண்டும் குழியுமாக இருந்தது. பின்னால் மைக்கில் பூசாரி ஏதோ கேட்க, "பொறுப்பா, பொறு" என்று அப்பா சொல்வது கேட்டது. கோவில் மேட்டில் இருந்து பார்த்தால் தார் ரோடு வரை தெரியும். நாங்கள் எல்லையைத் தாண்டித் தார் ரோட்டில் ஏறிய பிறகுதான் "கட்டுங்கப்பா" என்றார். கொட்டுச் சத்தம் அதிர்ந்தது.

நான் தேம்பித் தேம்பி அழுதேன். ஏட்டையா பயந்துபோய் வண்டியை ஓரம் கட்டினார். "என்னம்மா இது, நான் எல்லாம் நல்லதாத்தானே எழுதியிருக்கேன்?" என்றார். பாவம், அவருக்கு என்ன தெரியும்.

திங்கட்கிழமை ராத்திரி ரயிலேறி, செவ்வாய்க்கிழமை சென்னையில் நின்றேன். சான்றிதழ் ஒவ்வொன்றையும் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார்கள். போலீஸ் சான்றிதழ் அந்த வாரமே வந்தது. மாதக்கணக்கில் நகராமல் கிடந்ததெல்லாம் திடீரென்று நாலு கால் பாய்ச்சலில் ஓடியது. அடுத்த வாரமே வேலை அனுமதியும் கொழும்பு வழியாக டிக்கெட்டும் ஒரே மெயிலில் வந்தன. அந்தச் சனிக்கிழமையே கிளம்ப வேண்டும். ஊரில் பதினைந்து நாள் திருவிழா, முடிய இன்னும் நாள் இருந்தது. அப்பாவும் அம்மாவும் காப்புக்குள். அப்பா கையிலேயே காப்பு இருந்ததால் அவர் பகலில்கூட எல்லையைத் தாண்ட மாட்டார்.

நான் ஊருக்குப் போகலாமா என்று யோசித்தேன். காப்பு அன்று வெளியே இருந்தவர்கள் பகலில் வந்து சாமி கும்பிட்டுவிட்டுப் போகலாம், தப்பில்லை. ஒரு ராத்திரி தங்கிவிட்டால்தான் அவர்களும் காப்புக்கு உட்பட்டவர்கள் ஆகிவிடுவார்கள். வெள்ளிக்கிழமை ஹாஸ்டலிலிருந்து அப்பாவுக்குப் போன் செய்தேன். பின்னால் கும்மிப் பாட்டுக் கேட்டது.

"அனுமதி வந்துருச்சுப்பா. நாளைக்குக் கெளம்பணும்."

"அம்மா சொன்னா. எல்லாம் சரியா எடுத்து வச்சுக்கிட்டியா?"

"எடுத்து வச்சுட்டேன். அப்பா, இன்னைக்கு ஒரு எட்டு வந்து ஒங்களையும் அம்மாவையும் பாத்துட்டுப் பொழுதுக்குள்ள திரும்பிர்றேன். பகல்ல வரலாம்ல?"

கும்மிச் சத்தம் தேய்ந்தது; அவர் கூட்டத்தை விட்டுத் தள்ளி நடந்து வந்திருந்தார்.

"வராத ஆத்தா" என்றார்.

"ஏம்ப்பா? அன்னைக்கு ஒரு வார்த்தைகூடப் பேசலை. காலைத் தொட்டுக் கும்புடலை."

"நீ வந்தேன்னா, ராத்திரி தங்கிட்டுப் போன்னு நானே சொல்லிருவேன்."

சரிப்பா என்றேன். வேறு என்ன சொல்ல? சனிக்கிழமை, கீரனூர் வழியாகத் திருச்சி போகும் பஸ்ஸில் ஏறி, ஏர்போர்ட் ஸ்டாப்பில் பெட்டியோடு நான் மட்டும் இறங்கினேன்.