நான் துவைத்த படம்

எண்பதுகளின் தொடக்கத்தில் முதலியார்பேட்டையில் ஒண்டுக்குடித்தனம் இருந்தோம். கல்யாணமாகி மூன்று வருடம். குமாஸ்தாவாக இருந்த என் வீட்டுக்காரர் சினிமாக் கொட்டகை ஆபரேட்டரிடம் சிநேகம் பிடித்து, அறுந்துபோன ஃபிலிம் துண்டுகளைப் பை நிறைய வாங்கி வருவார். ஆபீஸ் விட்டு வந்ததும் அறைக்குள் போய்த் தாழ்ப்பாள். பிளேடால் சுரண்டுகிற சத்தம் மட்டும் கேட்கும். என்ன என்று கேட்டால் "படம் பண்றேன்" என்பார். கேமரா இல்லாமல் படம் பண்ணுகிற மனுஷரை நம்ப நான் என்ன பச்சைக் குழந்தையா?

கொட்டகைகளில் படத்துக்கு நடுவே ஆபாச 'பிட்டு' ஓட்டுகிறார்கள் என்று ஊரே பேசிய காலம். எதிர்வீட்டு அக்கா வேறு காதைக் கடித்தாள்: "கதவச் சாத்திக்கினு என்னாடி படம்? உசாரா இருந்துக்கோ."

ஒருநாள் அவர் வேலைக்குப் போனதும் ஒரு சுருளை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். கட்டத்துக்குக் கட்டம் ஒருத்தி நின்றாள். முகத்தின்மேல் மட்டும் சிவப்பும் பச்சையுமாக மை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மறைக்கிறார் என்றால் தெரிந்தவளாகத்தானே இருக்கவேண்டும்? மை போனால் முகம் தெரியும் என்று வெந்நீரில் சலவைச் சோடா கலந்து ஊறப்போட்டேன். எடுத்துத் தேய்த்தால், மையோடு அவளும் கரைந்துபோய்விட்டாள். கையில் வெறும் கண்ணாடி நாடாதான் மிஞ்சியது.

சாயங்காலம் வந்தவர் கொடியில் தொங்கியதைப் பார்த்தார்.

"என்னாத்தத் தேடின?"

"அவ மூஞ்சிய."

"எவ மூஞ்சிய?"

"அதத்தாங்க நானும் கேக்குறேன்."

திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டவில்லை. அதைப் பத்திரமாகச் சுருட்டிக்கொண்டு, "ஞாயித்துக்கெழம கொட்டாய்க்கு வா" என்றார்.

காலைக் காட்சிக்கு முன்பு, ஆளில்லாத கொட்டகையில், அவர் ஒட்டிச் சேர்த்த சுருளை ஆபரேட்டர் ஓட்டினார். கதையில்லை, பாட்டில்லை. திரை முழுக்க அவர் சுரண்டிய கோடுகள் துள்ளின, மை வைத்த புள்ளிகள் பறந்தன. நான் விடாமல் அந்த முகத்தைத் தேடிக்கொண்டிருந்தேன். நடுவில் நான் துவைத்த துண்டு வந்தது. வெறும் வெள்ளை. கொட்டகையே பளிச்சென்று ஆனது. திரும்பிப் பார்த்தேன். திரையையே பார்த்துக்கொண்டிருந்த அவர் வாய் லேசாகத் திறந்திருந்தது, கண் கலங்கியிருந்தது. என்னை ஒருநாளும் அவர் அப்படிப் பார்த்ததில்லை.

ஒருத்தி இருந்திருந்தால் அவள் வீட்டு வாசலில் போய் நின்று ஒரு கை பார்த்திருப்பேன்.

"இதுல ஒண்ணுமே இல்லியே" என்றேன்.

"ஆமா" என்றார், அவ்வளவு சந்தோஷமாக.