பவுன்தாய்க்கு வந்த கோடி

கண்மாய் மடையைத் திறக்கிற சண்டையில செல்லக்கண்ணு மண்வெட்டியை ஓங்கி, மச்சான் காசிமாயனோட விரல் ரெண்டைத் துண்டாக்கிட்டான். அன்னையிலிருந்து ரெண்டு வீட்டுக்கும் தண்ணி புழங்குறதில்லை. வெட்டினவன் புருசன், வெட்டுப்பட்டவன் கூடப்பிறந்த அண்ணன். பவுன்தாய் யார் பக்கம் நிப்பா, பாவம்? பெத்த ஆத்தா செத்தப்பக்கூட புருசன் போகவிடலை. ஊரணிக் கரையில உக்காந்து ஒப்பாரி வச்சுட்டு வந்து உலை வச்சா. பதினோரு வருசம் இப்படியே போச்சு.

போன மாசியில செல்லக்கண்ணு மஞ்சக்காமாலையில போய்ச் சேந்தான். பிள்ளைகுட்டி இல்லை. புருசன் செத்தா பிறந்த வீட்டுக் கோடிச்சேலையை அண்ணன் தம்பி கொண்டாந்து போடணும், அதுக்கப்புறம்தான் பிணத்தை எடுக்கணும். கோடி வராதவளை நாதியத்தவன்னு சொல்லிருவாங்க. பவுன்தாய்க்கு அந்த ஒரு கவலைதான் நெஞ்சை அறுத்துச்சு.

காசிமாயன் வரத்தான் செஞ்சான். தாம்பாளத்துல சேலையோட தெருவுல நின்னான். 'வாங்க'ன்னு ஒரு வார்த்தை சொன்னாத்தான் உள்ள வருவேன்னு ஆள் விட்டான். கொழுந்தன் தவசி, செத்தாலும் சொல்லமாட்டேன்னுட்டான். வெயில் ஏறுது, பிணம் காத்துக் கிடக்கு, இவனுங்களுக்கு மீசை பெருசு! பெரிய மனுசங்க ரெண்டு பக்கமும் நடையா நடந்து ஓஞ்சு போனாங்க. கடைசியில, கோடியும் வேணாம் ஒண்ணும் வேணாம், தூக்குங்கடான்னான் தவசி.

பவுன்தாய் எந்திரிச்சா. பொம்பளைங்க பிடிக்கப் பிடிக்க உதறிட்டுத் தெருவுக்கே வந்துட்டா.

"எண்ணே, ஒரு எட்டு எடுத்து வச்சா உன் கால் ஒடிஞ்சா போகும்?"

காசிமாயன் அவ மூஞ்சியைப் பாக்கலை. "கூப்பிடாத வீட்டுல எப்படித் தாயி நுழையிறது?"

"நான் கூப்பிடுறேன். எனக்குந்தானே இது வீடு?"

"ஆம்பளை கூப்பிடணும்" அப்படின்னான்.

அவ நேரா அவன்கிட்டப் போனா. தாம்பாளத்துல இருந்த சேலையைத் தன் கையாலயே எடுத்து, தன் தோள்ல தானே போட்டுக்கிட்டா. கொட்டு நின்னுபோச்சு. அந்த ஊர்ல எவளும் செய்யாத காரியம்.

தங்கச்சி சபையில தன்னை அவமானப்படுத்திட்டான்னு அண்ணன் உறவை அறுத்தான். எதிராளி சேலையைத் தேடிப்போய் வாங்கினான்னு கொழுந்தன் வீட்டைப் பூட்டினான். இப்ப அவ செங்கச் சூளைப் பக்கம் ஒரு குடிசையில தனியாக் கிடக்கா. அவளோட பேச்சுவார்த்தை கிடையாதுங்கிற அந்த ஒரு விசயத்துலதான், பதினோரு வருசத்துக்கப்புறம் ரெண்டு வீடும் ஒத்துப்போச்சு.