மொட்டைக் கடுதாசியும் நீலகண்டப் பிள்ளையும்

பாறசாலையில் எங்கள் மிஷன் பள்ளிக்கு எதிரே சாயாக்கடை வைத்திருந்த நீலகண்டப் பிள்ளையைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை எழுத எனக்கு யோக்கியதை கிடையாது. ஆனாலும் எழுதுகிறேன். மலையாளி, வாய் நிறையத் தமிழ் பேசுவார். பக்கத்துக் கடைத் தையல்காரன் பொன்னுதாஸுக்கு உயிர்க் கூட்டுக்காரர். தமிழ் வாத்தியாரான எனக்கு, சர்க்கார் பரீட்சைக்காக, கடை பெஞ்சில் உட்கார்த்தி மலையாளம் எழுதப் படிப்பித்ததும் அவர்தான்.

1954. தமிழ்ப் பகுதிகளைத் தமிழ்நாட்டோடு சேர்க்கச் சொன்ன எல்லைப் போராட்டத்தில் துப்பாக்கிச் சூடு நடந்து, தமிழ் பேசுகிற வீடுகளையெல்லாம் போலீஸ் தட்டிக்கொண்டிருந்த சமயம். அந்த வருஷம் சபைக் கமிட்டித் தேர்தலில் பொன்னுதாஸ் என்னைத் தோற்கடித்தான். அதோடு விட்டானா? "சுந்தரதாஸ் சாருக்கு அவரு பெண்டாட்டி ஓட்டே விழல்லியாக்கும்!" என்று சாயாக்கடையில் எல்லார் முன்னாலும் சிரித்தான். எனக்குப் பொத்துக்கொண்டு வந்தது. இவன் போராட்டக்காரர்களுக்குக் கொடி தைக்கிறான், ஆளை ஒளித்து வைக்கிறான் என்று ஸ்டேஷனுக்கு ஒரு மொட்டைக் கடுதாசி போட்டேன். என்மேல் சந்தேகம் வரக் கூடாதே என்று மலையாளத்தில் எழுதினேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

ஒரு மிரட்டு மிரட்டி விடுவார்கள் என்றுதான் நினைத்தேன். பொன்னுதாஸைத் தினமும் காலையில் கூட்டிக்கொண்டு போய்ச் சாயங்காலம் வரை ஸ்டேஷன் தூணோரம் நிறுத்தி வைத்தார்கள். நாலாம் நாள் கன்னம் வீங்கி வந்தான். பிள்ளைக்குப் பொறுக்கவில்லை. தானே ஸ்டேஷனுக்குப் போய், "இவன் சாதுவாக்கும், விட்டுருங்க" என்று ஏட்டிடம் மன்றாடினார். ஏட்டு அந்தக் கடுதாசியை எடுத்து அவர் முகத்துக்கு நேரே நீட்டினாராம்.

பிள்ளை ஸ்டேஷனுக்குள் போனதை ஊர் பார்த்தது. கடுதாசி மலையாளத்தில் இருந்ததும் எப்படியோ கசிந்தது. பிறகென்ன, எழுதினது பிள்ளைதான் என்று முடிவு கட்டிவிட்டார்கள். பொன்னுதாஸும் நம்பினான். சாயா குடிக்க ஒருத்தரும் போகவில்லை.

எனக்குச் சோறு இறங்கவில்லை. பொன்னுதாஸை நெய்யாற்றின்கரைக்கு, வக்கீல் ரெத்தினதாஸிடம் கூட்டிப் போனேன்.

"ஒப்பும் பேரும் இல்லாத கடுதாசிய மட்டும் வச்சு ஒரு ஆள இப்பிடி நிறுத்தப்பிடாது. விசாரிக்கணும்னா எழுத்துல உத்தரவு தரட்டு" என்றார் வக்கீல்.

அவரே ஸ்டேஷனுக்கு வந்து கேட்டார். எழுதித் தர அவர்களிடம் ஒன்றுமில்லை. அன்றோடு பொன்னுதாஸை விட்டார்கள். கடுதாசி போட்டவனைத் தேட வேண்டிய அவசியமும் இல்லாமல் போயிற்று. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அப்போதுதான் எனக்கு மூச்சு வந்தது.

மறு மாசம் பிள்ளை கடையை ஒழித்துக்கொண்டு ஒற்றசேகரமங்கலத்துக்குப் புறப்பட்டார். வண்டியில் சாமான் ஏற்றக் கை கொடுக்கப் போனேன். தலை நிமிராமலே சொன்னார்:

"நான் படிப்பிச்ச எழுத்தாக்கும் சாரே. பாத்தா எனக்குத் தெரியாதா?"

தூக்கின சாக்கைக் கீழே வைத்தேன். "பின்னே... ஏன் சொல்லல்ல?"

"சொன்னா பொன்னுதாஸு நின்ன தூணுல ஏட்டு உங்கள நிறுத்துவான். அந்தப் பாவம் எனக்கு எதுக்கு? பொன்னுதாஸுட்ட நீங்களே சொல்லுங்க."

வண்டி வளைவில் திரும்பியதும் தையல்கடைப் படி ஏறினேன். சத்தியமாகச் சொல்லத்தான் ஏறினேன். பொன்னுதாஸ் மிஷினை விட்டுத் துள்ளி எழுந்தான். பிள்ளை ஏற்றாமல் விட்டுப்போன பெஞ்சை இழுத்துப் போட்டு, தோள் துண்டால் துடைத்தான்.

"இரிங்க சாரே. நீங்க இல்லேன்னா நான் செத்திருப்பேன். அந்தாள கூடப்பெறந்தவன் மாதிரி நம்புன நான்தான் மடையன், இல்லியா?"

உட்கார்ந்தேன்.

"ஆமா பொன்னுதாஸு" என்றேன்.