அக்கா விட்டு வந்த வேலை

எங்கள் அக்கா மறைந்து இந்த மாதத்தோடு ஓராண்டு நிறைகிறது. அக்காவைப் பற்றி நினைவு மலரில் நான்தான் எழுத வேண்டும் என்று என் கணவரும் பிள்ளைகளும் சொன்னார்கள். எழுத உட்கார்ந்த பிறகுதான் அக்காவின் கடைசிப் பத்து ஆண்டுகளைப் பற்றி எனக்கு எவ்வளவு குறைவாகத் தெரிந்திருக்கிறது என்பது புரிந்தது. அந்தக் குறை என்னுடையது. அதை மறைக்காமல் எழுதுகிறேன். உறவினர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அக்கா பிறந்தது புளியந்தோப்பில். அப்பா துறைமுகத்தில் மூட்டை இறக்கும் தொழிலாளி. எங்கள் ஒற்றை அறையில் ஒரு புத்தர் படம் இருந்தது. பௌர்ணமி மாலைகளில் மெழுகுவத்தி ஏற்றி, உயிரைக் கொல்லேன் என்று தொடங்கும் பஞ்சசீலத்தை அப்பா சொல்ல, அக்காவும் நானும் பின்னால் சொல்லுவோம். அக்காவுக்குப் படிப்பு நன்றாக வந்தது. குழாயடியில் குடத்தை வரிசையில் வைத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்து படிப்பார்.

அக்காவுக்குப் பதினேழு வயது, எனக்கு ஒன்பது வயது இருக்கும்போது அம்மா இறந்துபோனார். விஷக் காய்ச்சல் என்றுதான் உறவில் எல்லோருக்கும் சொல்லிவந்தோம். அது விஷக் காய்ச்சல் அல்ல. அப்பாவுக்கு முதுகில் அடிபட்டு வேலைக்குப் போக முடியாத நேரத்தில் அம்மா மறுபடி கருவுற்றிருந்தார். யாரிடமும் சொல்லாமல் பக்கத்துத் தெருவில் ஒரு பெண்ணிடம் போய்க் கருவைக் கலைத்துக்கொண்டார். மூன்றாம் நாள் உடம்பு கொதித்தது. சைக்கிள் ரிக்‌ஷாவில் அம்மாவை மடியில் சாய்த்துக்கொண்டு ராயபுரத்து அரசு ஆஸ்பத்திரிக்குப் போனவர் அக்காதான். திரும்பி வந்தபோது அக்கா தனியாக நடந்து வந்தார். பாவாடையெல்லாம் ரத்தம் காய்ந்து கிடந்தது. எனக்கு அந்த நாளில் அது ஒன்றுதான் நினைவிருக்கிறது.

அக்கா நர்ஸ் பயிற்சிக்குப் போனதற்கு அந்த நாள்தான் காரணம். பயிற்சி முடிந்ததும் திருவொற்றியூரில் ஒரு பெண் டாக்டர் நடத்திய சிறிய நர்சிங் ஹோமில் சேர்ந்தார். பிரசவம் பார்த்தார்கள். முறைப்படி கருக்கலைப்பும் செய்தார்கள். அந்தப் பகுதியில் சுத்தமாகவும் பயமில்லாமலும் அதைச் செய்துகொள்ள முடிந்த இடங்கள் அப்போது குறைவு. எண்ணூரிலிருந்தும் மாதவரத்திலிருந்தும்கூடப் பெண்கள் வருவார்கள். டாக்டருக்குப் பக்கத்தில் நின்று, படுத்திருப்பவரின் கையைப் பிடித்துக்கொள்ளும் சிஸ்டர் எங்கள் அக்கா. பதினெட்டு வருடம் அந்த வேலையை அக்கா பெருமையோடு செய்தார். "இங்க வர்ற ஒருத்தியும் சாகக் கூடாது. வந்த மாதிரியே நடந்து வூட்டுக்குப் போவணும்" என்பார். போனார்கள். ஒருவரைக்கூட அக்கா இழக்கவில்லை.

என்னைப் பத்தாம் வகுப்பு வரை படிக்கவைத்து, கல்யாணம் செய்துவைத்ததும் அந்தச் சம்பளம்தான். அப்பாவைக் கடைசி வரை பார்த்துக்கொண்டதும் அக்காதான். அக்காவைப் பெண் கேட்டு ஒரு குடும்பம் வந்தது. எந்த மாதிரி ஆஸ்பத்திரி என்று கேட்டார்கள். அக்கா உள்ளதைச் சொன்னார். கொடுத்த காபியைக் குடித்துவிட்டுப் போனவர்கள் திரும்பி வரவில்லை. அதற்குப் பிறகு அக்கா கல்யாணப் பேச்சை எடுக்கவிடவில்லை.

தொண்ணூறுகளின் கடைசியில் அந்த நர்சிங் ஹோமுக்கு ஸ்கேன் கருவி வந்தது. கருக்கலைப்புக்கு வருகிறவர்களுக்கும் முதலில் எத்தனை வாரம் என்று அதில் பார்ப்பார்கள். அவர்கள் பார்த்து மனம் கலங்கக் கூடாது என்பதற்காக, திரைக்கும் அவர்களுக்கும் நடுவில் அக்கா மறைத்துக்கொண்டு நிற்க வேண்டும். "அதுல இன்னா தெரியுது சிஸ்டர்?" என்று சிலர் கேட்பார்கள். "ஒண்ணுமில்லம்மா, சும்மா ரத்தக்கட்டி மாதிரி" என்று அக்கா சொல்லுவார். ஸ்கேன் வருவதற்கு முன்பும் பல வருடங்களாக இதே கேள்விக்கு இதே பதிலைத்தான் சொல்லிவந்தார். அதை நம்பியும் இருந்தார். இப்போது அவர் நின்ற இடத்திலிருந்து அவருக்குத் திரை தெரிந்தது.

மற்றதைக் கடைசி நாட்களில் அக்கா என்னிடம் சொன்னார். அவர் சொன்னபடியே எழுதுகிறேன்.

ஒரு நாள் காலையில் ஒரு பெண் வந்தார். மீன் விற்கிறவர், மூன்று பிள்ளைகளின் தாய். ஸ்கேன் அறையில் படுத்திருந்தபடி, "இன்னா சிஸ்டர் தெரியுது?" என்று கேட்டார். அக்காவுக்கு வழக்கமான பதில் வாயில் வரவில்லை. திரையில் ஒரு புள்ளி துடித்துக்கொண்டிருந்தது. "துடிக்குதும்மா" என்று சொல்லிவிட்டார். டாக்டர் திரும்பி அக்காவைப் பார்த்தார். படுத்திருந்த பெண் அழவில்லை.

"தெரியும் சிஸ்டர். மூணு பெத்தவ, எனக்குத் தெரியாதா? ஆனா முடியாது. அவரு வேலயில்லாம குந்திகினு கீறாரு. நீ கையப் புடிச்சுக்கோ, அது போதும்."

அக்கா பிடித்துக்கொண்டார். எல்லாம் முடிந்து, அந்தப் பெண் தெளிந்து எழுந்து, ஒரு டீ குடித்துவிட்டு நடந்தே வீட்டுக்குப் போனார். அக்கா துணி மாற்றும் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

"அந்தப் பொண்ணு தெரிஞ்சிதான் வந்துச்சு சின்னு. தெரியாம இருந்தது நான்தான். ஒண்ணுமில்ல ஒண்ணுமில்லன்னு அவங்களுக்குச் சொல்லல, எனக்கே சொல்லிக்கினு இருந்திருக்கேன்" என்று அக்கா என்னிடம் சொன்னார். சின்னு என்பது அக்கா மட்டும் என்னை அழைத்த பெயர்.

அதற்குப் பிறகும் நான்கு மாதம் அந்த வேலையில் இருந்தார். பிறகு டாக்டரிடம் போய்ச் சொன்னார். டாக்டருக்கு மனது மிகவும் நொந்துபோனது.

"அப்ப இத்தனை வருஷமா நான் செஞ்சது பாவமா சிஸ்டர்?"

"உங்களச் சொல்லல மேடம். அது ஒரு உசுருன்னு எனக்குத் தோணிப்போச்சு. தோணின பிறகு என் கை வர மாட்டேங்குது."

"நீங்க போனா வேற ஒருத்தி வருவா. உங்க மாதிரி கையப் பிடிச்சுக்கிட்டு நிக்க மாட்டா. அவ்வளவுதான் மாறும். அதை யோசிச்சீங்களா?"

அந்தக் கேள்விக்குக் கடைசி வரை தன்னிடம் பதில் இல்லை என்று அக்கா என்னிடம் சொன்னார்.

செய்தி கேள்விப்பட்டு நான் கோபமாக இருந்தேன். அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தபோது சமையல் அறையிலேயே நிற்கவைத்துக் கேட்டேன். "எதுக்குக்கா விட்ட?" என்றேன். "முடியல சின்னு. அதுவும் ஒரு உசுரு" என்றார் அக்கா.

"அப்ப அம்மாது? அது உசுரு இல்லியா? நீ இல்லன்னா அந்தப் பொம்பளைங்க எங்க போவாங்க, அம்மா போன மாதிரி போய்ச் சாவட்டுமா? அம்மாவ மறந்துட்டியா நீ?"

அக்கா கையில் இருந்த தம்ளரைக் கீழே வைத்தார். செருப்பைப் போட்டுக்கொண்டு போய்விட்டார். நான் பின்னால் போய்க் கூப்பிடவில்லை. அன்று கூப்பிட்டிருந்தால் இந்தக் கட்டுரை வேறு மாதிரி இருந்திருக்கும்.

அக்காவுக்கு மதப் பைத்தியம் பிடித்துவிட்டது என்று உறவில் சிலர் பேசினார்கள். அப்பா சொல்லிக்கொடுத்த பஞ்சசீலம் இப்போதுதான் நினைவு வந்ததா என்று ஒருவர் அக்காவின் முகத்துக்கு நேராகவே கேட்டார். கருக்கலைப்பை எதிர்த்துக் கூட்டங்கள் நடத்திய ஒரு குழுவினர் தேடிவந்து, உள்ளே நடந்ததையெல்லாம் மேடையில் சொல்ல வேண்டும் என்று அழைத்தார்கள். மரியாதையாகத்தான் அழைத்தார்கள். "என்ன நம்பிப் படுத்தவங்கள மேடையில ஏத்த மாட்டேன்" என்று அக்கா அனுப்பிவிட்டார். அவர்களும் பிறகு வரவில்லை. பழைய இடத்தில் கூட வேலை செய்தவர்கள் சாலையில் பார்த்தால் எதிர்ப்பக்கம் போனார்கள். தங்களைக் குற்றவாளி என்று அக்கா சொல்லிவிட்டதாக அவர்கள் நினைத்தார்கள். இந்தப் பக்கமும் ஆள் இல்லை, அந்தப் பக்கமும் ஆள் இல்லை.

பெண்கள் மட்டும் வீட்டுக் கதவைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். "நீயே இட்டுனு போ சிஸ்டர், எனுக்கு பயமா கீது" என்பார்கள். அக்கா கூடப் போக மாட்டார். திட்டவும் மாட்டார். உள்ளே உட்காரவைத்துப் பேசுவார். பெற்றுக்கொள்ள முடியுமா என்று ஒரு முறை கேட்பார். ஒரு முறைக்கு மேல் கேட்க மாட்டார். "எதுவானாலும் கவர்மெண்ட் ஆஸ்பத்திரிக்குப் போ. ஊசி போட்டுக் கலைக்கறேன், வேர் வெச்சுக் கலைக்கறேன்னு சொல்றவங்ககிட்ட போகாத" என்று சொல்லி அனுப்புவார். எல்லோரும் ஒதுக்கியதும், கதவைத் தட்டியவர்களோடு கூடப் போக முடியாததும் சேர்ந்து அக்காவைத் தின்றிருக்க வேண்டும். ஒரு வருடத்தில் திருவொற்றியூரை விட்டே போய்விட்டார்.

போனது அத்திப்பட்டுக்கு. அனல்மின் நிலையத்துக்குப் பக்கத்தில், வாரம் மூன்று நாள் மட்டும் டாக்டர் வரும் ஒரு சின்ன கிளினிக்கில் காயத்துக்குக் கட்டுப் போடும் வேலை. முன்பு வாங்கியதில் பாதிச் சம்பளம். ஓட்டு வீட்டில் ஓர் அறை. காலையில் துடைத்த ஜன்னல் கட்டையில் மாலைக்குள் சாம்பல் படிந்திருக்கும். அங்கே ஒன்பது வருடம் அக்கா தனியாக இருந்தார். நான் போனது மூன்று முறை. பொங்கலுக்கு, கல்யாணத்துக்கு என்று பார்த்துக்கொள்வோம், சாப்பிட்டாயா என்று கேட்டுக்கொள்வோம். அதற்கு மேல் பேசியதில்லை.

மாலையில் அக்கா ரயில் நிலையம் வரை நடந்துபோய் நடைமேடையில் உட்கார்ந்திருப்பாராம். இதைப் பக்கத்து வீட்டு அம்மா என்னிடம் சொன்னார். "யாராச்சும் வராங்களா சிஸ்டர்னு கேப்பேன். இல்ல, எறங்கறவங்கள சும்மா பாத்துகினு இருப்பேன்னு சொல்லும். ரெண்டு வண்டி போனதும் எந்திரிச்சி வந்துடும்."

மார்பகப் புற்று என்று தெரியவந்தபோது முற்றிவிட்டிருந்தது. என் கணவர்தான் போய் அக்காவை எங்கள் வீட்டுக்கு அழைத்துவந்தார். நான்கு மாதம் இருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை பழைய நர்சிங் ஹோம் டாக்டரம்மா, ஒரு பையில் மருந்துகளோடு படியேறி வந்தார். யார் சொல்லி அனுப்பினார்கள் என்று எனக்குத் தெரியாது. அதன் பிறகு வாரத்துக்கு இரண்டு முறை வந்து வலிக்கு ஊசி போட்டார். ஒரு நாள் அக்கா தூங்கிய பிறகு என் சமையல் அறையில் உட்கார்ந்து டாக்டரம்மா கேட்டார்.

"அந்த அத்திப்பட்டுப் பொண்ணைப் பத்தி அக்கா சொல்லியிருக்காங்களா?"

இல்லை என்றேன்.

"நாலு வருஷம் இருக்கும். ஒப்பந்த வேலைக்கு வந்த குடும்பம். பத்தொன்பது வயசுப் பொண்ணு. யாரோ மாத்திரை வாங்கிக் கொடுத்திருக்காங்க, ரத்தம் நிக்கல. ரெண்டு இடத்துல சேர்த்துக்கலையாம். உங்க அக்கா ஆட்டோவுல மடியில போட்டுக்கிட்டு நேரா என்கிட்ட வந்துட்டாங்க. அன்னைக்கு என் ஆபரேஷன் தியேட்டர் சிஸ்டர் லீவு. நான் இவங்களைப் பார்த்தேன், கேக்கல. கேக்க எனக்கு வாய் வரல. இவங்களே கையைக் கழுவிட்டு உள்ள வந்து எனக்குப் பக்கத்துல நின்னாங்க. பழைய இடத்துல, பழைய மாதிரியே. பொண்ணு பொழச்சுடுச்சு. முடிஞ்சதும் வெளிய பெஞ்சுல உட்கார்ந்து அழுதாங்க. அவங்க அழுது நான் பார்த்ததே இல்ல. 'எங்கம்மாவயும் நான் இப்படித்தான் மடியில வெச்சிருந்தேன் மேடம்'னு சொன்னாங்க."

டாக்டரம்மா போன பிறகு நான் அக்காவின் கட்டிலில் போய் உட்கார்ந்தேன். அக்கா கண் விழித்ததும், "ஏன்க்கா என்கிட்ட சொல்லல?" என்று கேட்டேன்.

"நீ கேக்கலியே சின்னு" என்றார். குற்றம் சொல்லும் குரல் இல்லை. பிறகு அவரே சொன்னார். "அம்மாவ மறக்கல. அதுவும் உள்ள கீது, இதுவும் உள்ள கீது. ஒண்ணு வந்ததால இன்னொண்ணு போவல. நீ கேட்ட அன்னிக்கு இத எனக்குச் சொல்லத் தெரில."

தனியாக இருந்தது கஷ்டமாக இருந்ததா என்று கேட்டேன்.

"சாயந்திரத்துல மட்டும்" என்றார்.

அன்றுதான் அந்த ஸ்கேன் அறையைப் பற்றி என்னிடம் சொன்னார். அன்றுதான் நானும் மன்னிப்புக் கேட்டேன். அதற்குப் பதிலாக என் தலைமுடியைக் கோதிவிட்டார், சின்ன வயதில் பேன் பார்ப்பதுபோல.

கடைசி வாரம் அக்காவுக்குக் குரல் எழவில்லை. பேசிக்கொண்டே இரு என்று கையால் காட்டுவார். நான் கத்தரிக்காய் விலை, குழாயில் தண்ணீர் வராதது, சின்னவன் புதுச் சட்டை கேட்டு அடம் பிடித்தது என்று வாய்க்கு வந்ததையெல்லாம் பேசினேன். ஒன்பது வருடம் பேசாததை எல்லாம் பேசிவிடுகிறவள் போலப் பேசினேன். ஒரு மதியம் அப்படிப் பேசிக்கொண்டிருந்தபோதே அக்கா போய்விட்டார். எந்த வார்த்தை வரைக்கும் கேட்டார் என்று எனக்குத் தெரியவில்லை.

அக்காவைத் தன் தாயைப் போலத் தூக்கி உட்காரவைத்த என் கணவருக்கும், பள்ளி விட்டதும் ஓடிவந்து பெரியம்மாவுக்குக் கால் அமுக்கிய என் பிள்ளைகளுக்கும் நன்றி. அத்திப்பட்டில் ஒன்பது வருடம் அக்காவின் கதவைத் தட்டிச் சாப்பிட்டாயா என்று கேட்ட பக்கத்து வீட்டு அம்மாவுக்கு, நான் செய்திருக்க வேண்டியதைச் செய்ததற்காக, கைகூப்பி நன்றி சொல்கிறேன். தன்னை விட்டுப் போனவரைத் தேடி மாடிப்படி ஏறிவந்த டாக்டரம்மாவுக்கு எப்படி நன்றி சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை.

இறுதி ஊர்வலத்துக்கு நாங்கள் அறியாத பெண்கள் பலர் வந்திருந்தார்கள். ஓரமாக நின்று பார்த்துவிட்டு, யாரிடமும் பேசாமல் போனார்கள். அவர்களில் யாருடைய கைக்காவது இந்த நினைவு மலர் வந்து சேரலாம். அவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். உங்களைப் பற்றி, உங்கள் பெயரை, உங்கள் தெருவை, நீங்கள் படுத்திருந்தபோது சொன்னதை, அக்கா எங்களிடம் ஒரு நாளும் சொன்னதில்லை. நீங்கள் நிம்மதியாக இருக்கலாம்.