உத்தரவில் இல்லாத நடைகள்

மழை பொய்த்த அந்த வருஷம் எங்கள் டிராக்டரில் தண்ணீர்த் தொட்டியை இழுத்துக்கொண்டு என் வீட்டுக்காரர் ஊர் ஊராகப் போனார். ஊராட்சி ஒன்றியத்தில் எடுத்த ஒப்பந்தம் அது. எந்த ஊருக்கு எத்தனை நடை என்பது உத்தரவிலேயே எழுதியிருந்தது. கோடை முற்றியதும் அது போதவில்லை. எட்டயபுரம் சாலையை ஒட்டிய ஒரு காலனியில் பெண்கள் டிராக்டரை மறித்து நின்றார்கள்.

ஒன்றிய அதிகாரி நேரில் வந்தார். வெறுங்குடங்களோடு நின்றவர்களைப் பார்த்துவிட்டு, "நீங்க கூடுதலா ஓட்டுங்க அண்ணாச்சி. உத்தரவு பின்னால வரும், நான் பாத்துக்கிடுதேன்" என்றார். மழைக்காலம் வரைக்கும் ஓட்டினோம். உத்தரவு வருவதற்குள் அவருக்கு மாறுதல் வந்துவிட்டது.

அடுத்து வந்த அதிகாரி, எழுத்தில் இல்லாத நடைகளுக்குப் பணம் தர வழியில்லை என்று சொல்லிவிட்டார். டிராக்டர் கடனுக்குத் தவணை கட்ட முடியவில்லை. வண்டியை எடுத்துக்கொண்டு போக ஆள் வந்து வாசலில் நின்றது. "குடிக்கத் தண்ணிதானே குடுத்தோம், விட்ருட்டி" என்றார் வீட்டுக்காரர். எனக்கு மனம் வரவில்லை. கோவில்பட்டி கோர்ட்டில் வழக்குப் போட்டோம். அலைந்ததெல்லாம் நான்தான். அவர் வண்டியெடுத்துப் போனால்தான் வீட்டில் அடுப்பெரியும்.

"பழைய அதிகாரி கூண்டுல ஏறி, நான்தான் ஓட்டச் சொன்னேன்னு சொன்னா ஜெயிச்சிரலாம். ஆனா அவிய வேலைக்குச் சிக்கல் வரும். யோசிச்சுக்கிடுங்க" என்றார் வக்கீல்.

நான் எதையும் யோசிக்கவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமையே கடம்பூர் போளி வாங்கிக்கொண்டு பழைய அதிகாரி வீட்டுக்குப் போனேன். சிக்கல் வரும் என்பதை மட்டும் விட்டுவிட்டு மற்றதைச் சொன்னேன். காபி கொண்டுவந்த அவர் மனைவி தம்ளரைக் கையில் வைத்தபடியே நின்றார்.

"இவிய ரிட்டயர் ஆக இன்னும் கொஞ்ச மாசந்தான் இருக்கு. அதுக்குப் பெறவு வந்து சொன்னா ஆகாதாம்மா?"

"கோர்ட்டு விஷயம் நம்ம கையில இல்லயேக்கா" என்றேன்.

கேட்டால் வக்கீல் வாய்தா வாங்கித் தந்திருப்பார். அது எனக்குத் தெரியும். தவணைக்காரன் காத்திருக்க மாட்டான் என்பதும் தெரியும்.

அதிகாரி தன் மனைவியைப் பார்க்காமல், "சம்மன் அனுப்பச் சொல்லுங்க, வாரேன். சொன்னது நான்தானே" என்றார்.

வந்தார். அரசாங்க வக்கீல் கேட்டார், "எழுத்துல உத்தரவு குடுத்தீங்களா?"

"இல்ல."

"எழுத்துல குடுக்காம ஓட்டச் சொல்ல உங்களுக்கு அதிகாரம் இருந்துதா?"

"இல்ல. அங்கன குடிக்கத் தண்ணி இல்ல. அதனால சொன்னேன்."

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. தாமதமாக வந்தாலும் பணம் வட்டியோடு வந்தது. கடனை அடைத்தோம். ஓய்வு பெற வேண்டிய நாளன்று அவரைப் பணியிடை நீக்கம் செய்துவிட்டார்கள் என்றும், பென்ஷன் நிற்கிறது என்றும் வேறொரு பேச்சுக்கு நடுவே வக்கீல் சொன்னார். அவரைப் போய்ப் பார்க்க எனக்குத் துணிச்சல் வரவில்லை. சில மாதம் கழித்து வீட்டுக்காரர்தான் கூட்டிக்கொண்டு போனார். கொஞ்சம் பணமும் எடுத்துப் போயிருந்தோம். அதிகாரி அதைத் தொடவில்லை.

"இத வாங்குனா நான் கோர்ட்டுல சொன்னது பொய்யாப் போயிரும்மா."

அதற்குமேல் என்னால் அடக்க முடியவில்லை. "சார், அன்னைக்கு வாய்தா வாங்கியிருக்கலாம். தெரிஞ்சேதான் அக்காகிட்ட அப்படிச் சொன்னேன்."

"எனக்கும் தெரியும்மா. இத்தன வருஷம் கவர்மெண்டுல இருந்தவன், அது தெரியாதா" என்றார்.

உள்ளே பாத்திரம் தேய்க்கும் சத்தம் நின்றது. வழக்கைத் தள்ளிப் போட்டிருக்கலாம் என்பது அந்த அம்மாவுக்கு அதுவரை தெரியாது. கதவோரம் வந்து என்னைப் பார்த்தார், பிறகு அவரைப் பார்த்தார். உள்ளே போய்விட்டார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில், "அத ஏன்ட்டி அங்கன போயிச் சொன்ன?" என்று வீட்டுக்காரர் கேட்டார். என் பாரம் இறங்கட்டும் என்றுதான் சொன்னேன். அதை இவரிடம் சொல்லக் கூச்சமாக இருந்தது.

விசாரணை முடிந்து, குறைத்த பென்ஷன் அவருக்கு வரத் தொடங்கியது. வழியில் எங்காவது பார்த்தால் அவர் நின்று பேசுவார். அந்த அம்மா என்னோடு பேசவே இல்லை.