பிலோமினா அக்கா சத்தமில்லாமல் படித்த பகிடி

போர்கோ வெக்கியோச் சந்தையில் மீனுக்கு நின்றபோது தொலைபேசி அடித்தது. எங்கள் பங்கு மண்டபத்தில் ஒலிபெருக்கி பார்க்கும் ரூபன். "அண்ணை, பிலோமினா அக்கா மோசம் போயிட்டா," என்றான். "ஓம்," என்றேன். இப்படி எத்தனை சாவுச் செய்திக்குத்தான் ஓம் போடுவது? மீனை வாங்கிக்கொண்டு வேலைக்குப் போனேன்.

நம் பங்குக்காரர் உங்களுக்கு அக்காவைத் தெரியும். மன்னார்க்காரி. லிபெர்த்தாத் தெருவில் ஒரு வயோதிப இத்தாலிய அம்மாவை, சிஞ்ஞோராவை, வீட்டோடு பராமரித்தவர். சிஞ்ஞோரா பகலில் கண்ணயரும் நேரம் அக்கா தொலைக்காட்சியில் ஆங்கிலப் பகிடி நாடகங்கள் பார்ப்பார். இங்கிலாந்துக்காரர் தங்கள் அன்றாட வாழ்க்கையையே கிண்டலடிக்கும் குட்டிக் காட்சிகள்: வரிசையில் முண்டியடிக்காமலே மன்னிப்புக் கேட்பவர்கள், மழையைப் பற்றியே கதைக்கும் அயலவர்கள். சிஞ்ஞோரா விழித்துவிடுவார் என்று சத்தத்தை முற்றாக நிறுத்திவிடுவார். வசனமெல்லாம் அக்காவின் சொந்தச் சரக்கு. அதைத்தான் ஒவ்வொரு கிறிஸ்மஸ் ஒளிவிழாவிலும் அக்காவும் நானும் நடித்தோம். அவர்களுடைய வங்கி வரிசை, நம் மேடையில் பெர்மெஸ்ஸோவுக்கு, அதுதான் வதிவிட அனுமதிக்கு, நிற்கும் வரிசையாகிவிடும்.

ஒருமுறை லண்டனிலிருந்து வந்த அவருடைய மச்சாள், "பிலோமி, அந்த நாடகத்திலை அவையள் அப்பிடிக் கதைக்கேல்லை," என்று எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டார். அக்கா அசரவில்லை. "வாய் என்ன சொன்னா எனக்கென்ன? வேலை முடிஞ்சு வந்த முகம் எல்லா ஊரிலையும் ஒண்டுதான்," என்றார். மச்சாளின் முகம் சுண்டிப்போனது.

கடைசி ஒளிவிழாவுக்கு முன் நோய் அவர் தொண்டையைப் பிடித்துக்கொண்டது. குரல் போய், காற்றுத்தான் வந்தது. வேண்டாம் அக்கா என்று மன்றாடினேன். சபை முன்னால் அவர் அவமானப்பட்டுவிடுவாரோ என்று எனக்குப் பயம். "சத்தமில்லாமத்தானே நான் இதைப் படிச்சனான்," என்று காதோடு சொன்னார். இருவருக்கும் நானே வசனம் பேசுவதாக ஏற்பாடு.

கணவனும் மனைவியும் தேநீர் குடிக்கும் காட்சி. அக்கா கோப்பையைப் பார்த்தார், யன்னலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறந்தேன். விரலை உயர்த்தித் தடுத்துவிட்டார். பிறகு ஒரு சொல்லுமின்றிக் குடித்தோம். முதலில் பிள்ளைகள் சிரித்தார்கள். அப்புறம் நாள் முழுக்க ஊரார் வீடு துடைத்துவிட்டு வந்திருந்த புருஷன் பெண்சாதிகள், நீங்கள்தான், ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்தீர்கள். சிலர் கண்ணையும் துடைத்தீர்கள்.

இந்த முறை மேடைக்கு யார் என்று ரூபன் கேட்கிறான். எனக்குத் தென்பில்லை. நான் வைத்திருப்பது அந்த விரலை மட்டும்தான். வேலை முடிந்து வீட்டில் தேநீர் குடிக்கும்போது மனைவியைக் குறை சொல்ல வாயெடுக்கிறேன். விரல் தெரிகிறது. வாயை மூடிக்கொண்டு அவள் முகத்தைப் பார்க்கிறேன். அவளும் களைத்துத்தான் இருக்கிறாள்.